போரையும் இடப்பெயர்வையும் நினைவையும் கலையாக்கியவர்களில் உங்களை மிகவும் பாதித்த கலைஞர் யார்?

கொலம்பியாவின் சிற்பி டோரிஸ் சால்செடோ. 1958இல் தலைநகர் போகோட்டாவில் பிறந்தவர். கெரில்லா இயக்கங்களுக்கும் துணை ராணுவக் குழுக்களுக்கும் அரசுப் படைகளுக்கும் நடுவே லட்சக்கணக்கானோர் ஊரையும் வீட்டையும் இழந்த நாடு அது. அந்த வன்முறையை இவ்வளவு காலம் தொடர்ந்து பேசியும், அவர் தம் படைப்புகளில் ஒரு பிணத்தையோ கொலைக் காட்சியையோ காட்டுவதில்லை. பாதிக்கப்பட்ட குடும்பங்களிடம் நேரில் சென்று, அவர்கள் சொல்வதைப் பொறுமையாகக் கேட்டு, அந்தச் சாட்சியங்களிலிருந்தே வேலையைத் தொடங்குகிறார்.

1990களின் தொடக்கத்தில் அவர் உருவாக்கிய 'அட்ராபிலியாரியோஸ்' என்ற படைப்பில், காணாமலாக்கப்பட்டவர்களின், பெரும்பாலும் பெண்களின், காலணிகள் சுவரில் குடைந்த சிறு மாடங்களுக்குள் வைக்கப்பட்டிருக்கின்றன. ஒவ்வொரு மாடத்தின் வாயிலும் மாட்டின் சவ்வினால் மூடப்பட்டு, அறுவைச் சிகிச்சைக்குப் பயன்படும் நூலால் சுவரோடு சேர்த்துத் தைக்கப்பட்டிருக்கிறது. புதைகுழிகளில் கிடைத்த உடல்களை அடையாளம் காணக் காலணிகளே உதவின என்பதை அறிந்த பிறகு, சவ்வுக்குப் பின்னால் மங்கலாகத் தெரியும் அந்த உருவங்களை மனம் கலங்காமல் பார்க்க என்னால் இயலவில்லை. இருக்கிறாரா, இறந்துவிட்டாரா என்று தெரியாமல், ஈமக்கடனும் செய்ய முடியாமல் காத்திருக்கும் குடும்பத்தின் நிலையை இதைவிடத் துல்லியமாகச் சொன்ன படைப்பை நான் கண்டதில்லை.

இடப்பெயர்வை அவர் கையாண்டது 'விதவை வீடு' என்று பொருள்படும் 'லா காசா வியூதா' வரிசையில். நிலையிலிருந்து பெயர்க்கப்பட்ட கதவுகளோடு நாற்காலி, கட்டில் போன்றவற்றின் துண்டுகளும் துணியும் இணைந்திருக்கும். சுவரும் அறையும் இல்லாத கதவு அது; திறந்தாலும் உள்ளே செல்ல வீடில்லை.

1985 நவம்பர் 6 அன்று எம்-19 என்ற இயக்கத்தின் கெரில்லாக்கள் போகோட்டாவின் நீதி மாளிகையைக் கைப்பற்றினர். ராணுவம் பீரங்கி வண்டிகளோடு நுழைந்து மீட்டதில் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் உட்பட ஏறக்குறைய நூறு பேர் இறந்தனர். 2002இல் அதே நாட்களில், புதிதாகக் கட்டப்பட்ட நீதி மாளிகையின் கூரையிலிருந்து ஏறத்தாழ 280 மர நாற்காலிகளை, 53 மணி நேரம், ஒவ்வொன்றாகச் சுவரையொட்டி இறக்கினார் சால்செடோ. அறிவிப்போ உரையோ இல்லாமல், தெருவில் சென்றவர்கள் தாமாக நின்று நினைவுகூர இடம் தந்த நிகழ்வு அது.

என்றாலும் எனக்கு மிக முக்கியமாகத் தோன்றுவது 2018இல் திறக்கப்பட்ட 'ஃபிராக்மென்டோஸ்' ('துண்டுகள்') என்ற நினைவுக் கூடம். அரசோடு செய்த 2016 அமைதி உடன்படிக்கையின்படி ஃபார்க் என்ற கெரில்லா இயக்கம் ஒப்படைத்த ஆயுதங்களை உருக்கி ஒரு நினைவுச் சின்னம் செய்யும் பொறுப்பு அவரிடம் வந்தபோது, அவர் தூணோ சிலையோ எழுப்ப மறுத்தார். போரில் பாலியல் வன்முறைக்கு உள்ளான பெண்களை அழைத்து, உலோகத் தகடுகளைச் சுத்தியலால் அடிக்கச் செய்தார். அவர்கள் அடித்த வடுக்கள் பதிந்த தகடுகளிலிருந்து அச்செடுத்து, 37 டன் ஆயுதங்களின் உலோகத்தை அவற்றில் வார்த்துத் தரை ஓடுகளாக்கினார்.

ஆயுதம் ஏந்தியவர்களுக்குப் பீடம் அமைப்பதே உலகெங்கும் வழக்கமாக இருக்க, இங்கே அந்த ஆயுதங்கள் கால்களுக்குக் கீழே கிடக்கின்றன. அவற்றின் மேற்பரப்பு எப்படி இருக்க வேண்டும் என்பதைத் தீர்மானித்தவர்கள் போரின் துயரத்தை உடலில் சுமந்த பெண்கள். பாழடைந்த பழைய வீடொன்றின் எஞ்சிய சுவர்களுக்கிடையே அமைந்த அக்கூடத்தில், அந்தத் தரையின் மீது, இப்போது வேறு கலைஞர்களும் போரைப் பற்றிய தங்கள் படைப்புகளைக் காட்சிக்கு வைக்கிறார்கள்.