அப்பத்தாவின் கதையைத் திருத்தாதீர்கள்

கேள்வி: என் அப்பத்தா சொல்லும் கடல் கதைகளைப் போனில் பதிவு செய்து தொகுத்து வருகிறேன். ஒரே கதையை அவரே தடவைக்கு ஒரு மாதிரி சொல்கிறார். மூக்கையூரில் இருக்கும் அவருடைய தங்கை இன்னொரு மாதிரி சொல்கிறார். எல்லாவற்றையும் ஒப்பிட்டு, கொச்சையை நீக்கி, திரும்பத் திரும்ப வரும் பாட்டு வரிகளைக் குறைத்து, கடைசியில் ஒரு நீதியும் சேர்த்துச் சரியான வடிவமாக எழுதியிருக்கிறேன். கதைக்குச் சம்பந்தமில்லாத ஏர்வாடி நேர்ச்சையையும் எடுத்துவிட்டேன். வெளியிடுவீர்களா?
— ஒரு வாசகர், தேவிபட்டினம்

பதில்: இந்த வடிவத்தில் வெளியிட மாட்டோம். நீங்கள் நீக்கியதையெல்லாம் திரும்பச் சேர்த்து அனுப்புங்கள், கட்டாயம் வெளியிடுவோம்.

முதலில் அந்த நேர்ச்சை. கடலுக்குப் போன புருசன் திரும்பவில்லை. பொண்டாட்டி ராமேஸ்வரத்து அக்னி தீர்த்தத்தில் முழுகுவதாகவும் ஏர்வாடி தர்காவுக்கு வருவதாகவும் ஒரே மூச்சில் நேர்ந்துகொள்கிறாள். இதில் எது சம்பந்தமில்லாதது? இராமநாதபுரத்துக் கரையில் ஒரு மீனவப் பெண் ஆபத்து நேரத்தில் யார் யாரைக் கூப்பிட்டாள் என்பதை எந்தக் கல்வெட்டும் உங்களுக்குச் சொல்லாது. இந்தக் கதை சொல்கிறது. ஏர்வாடிச் சந்தனக்கூட்டுக்கு இன்றைக்கும் எல்லாச் சமயத்தாரும் போகிறார்கள். 1693-இல் கிறித்தவப் பாதிரியார் அருளானந்தர் கொல்லப்பட்ட ஓரியூரிலும் அப்படித்தான். இரண்டு நேர்ச்சைகளில் ஒன்றை எடுத்துவிட்டால் உங்கள் அப்பத்தா வாழ்ந்த கரையையே மாற்றி எழுதிவிடுகிறீர்கள். தெரிந்து செய்தீர்களா, தெரியாமல் செய்தீர்களா என்பது எனக்கு முக்கியமில்லை. படிக்கிறவனுக்கு விளைவு ஒன்றுதான்.

இப்படிக் கை வைப்பது புதிதும் அல்ல. நெல்லைச் சீமையில் வில்லுப்பாட்டாகப் பாடப்படும் முத்துப்பட்டன் கதையில், பிராமணனான பட்டன், தோல் தொழில் செய்யும் வாலப்பகடையின் மகள்களான பொம்மக்காவையும் திம்மக்காவையும் கல்யாணம் செய்துகொள்கிறான். பூணூலை விடுகிறான், மாமனாரின் தொழிலை ஏற்கிறான். யாருக்கோ இது பொறுக்கவில்லை. அந்தப் பெண்கள் பிறப்பால் பிராமணர்கள், பகடை எடுத்து வளர்த்தவர்தான் என்று ஒரு சங்கதி உள்ளே வந்து உட்கார்ந்தது. அது பிறகு சேர்ந்தது என்று நாட்டார் வழக்காற்று ஆய்வாளர் நா. வானமாமலை சுட்டிக்காட்டினார். பல வடிவங்களையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் இப்படிப்பட்ட ஒட்டு தெரியும். ‘சரியான’ ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதைத் தூக்கி எறிந்திருந்தால் நமக்கு அந்த ஒட்டே கதையாகியிருக்கும்.

ஜெர்மனியில் நாட்டுப்புறக் கதைகளைத் தொகுத்த கிரிம் சகோதரர்களும் திருத்தினார்கள். 1812-இல் அச்சான முதல் பதிப்பில் ஸ்னோ ஒயிட்டைக் கொல்லச் சொல்கிறவள் பெற்ற தாய். 1819 பதிப்பில் அவள் மாற்றாந்தாய் ஆகிவிட்டாள். குழந்தைகள் படிப்பார்களே என்ற நல்லெண்ணம்தான். நல்ல வேளையாக முதல் பதிப்பும், அதற்கு முந்திய 1810 கையெழுத்துப்படியும் மிஞ்சின. அதனால்தான் என்ன மாறியது என்று இன்றைக்கு நம்மால் சொல்ல முடிகிறது.

சரி, அக்கா சொல்வது சரியா, தங்கை சொல்வது சரியா? இரண்டும் சரிதான். வாய்மொழிக் கதைப்பாடல்களை ஆராய்ந்த மில்மன் பாரியும் ஆல்பர்ட் லார்டும் 1930-களில் யூகோஸ்லாவியாவில் கதைப்பாடகர்களைப் பதிவு செய்தார்கள். ‘சொல்லுக்குச் சொல் மாறாமல் பாடுகிறேன்’ என்று அடித்துச் சொன்ன பாடகரின் இரண்டு பதிவுகளை ஒப்பிட்டால் நிறைய வேறுபாடு. அவர் பொய் சொல்லவில்லை. கதையின் போக்கு மாறவில்லை என்பதுதான் அவர் கணக்கு. வரிகளைப் பாடும்போதே கட்டிக்கொண்டு போகிறார். உங்கள் அப்பத்தாவிடம் கேட்டுப் பாருங்கள், ‘நான் எப்பவும் ஒரே மாதிரிதானே சொல்றேன்’ என்பார்.

நீங்கள் குறைத்த பாட்டு வரிகளுக்கு வருகிறேன். அவை கரைவலை இழுக்கும்போது பாடும் அம்பாப் பாட்டு. ஒருவர் ஒரு வரி எடுத்துவிடுவார், கயிற்றைப் பிடித்திருக்கும் மற்றவர்கள் ‘ஏலேலோ’ என்று வாங்குவார்கள். அந்த வாங்கலில்தான் எல்லாக் கைகளும் சேர்ந்து இழுக்கும். குதிகால் மணலில் புதைய, உடம்பு பின்னால் சாய, கயிறு ஒரு பாகம் கரைக்கு வரும். வலையில் மீன் சேரும் மடி கரையை நெருங்க நெருங்கப் பாட்டும் வேகம் பிடிக்கும். பாட்டை எடுத்துக் கொடுக்கிறவர் கையில் எப்போதும் கூடுதல் வரி இருக்க வேண்டும், ஏனென்றால் வலை எப்போது வரும் என்று அவருக்குத் தெரியாது. பத்துத் தடவை வரும் வரியை ஒரு தடவையாக்கி அச்சிட்டால், ஒன்பது இழுப்பு காணாமல் போய்விட்டது. இயந்திரப் படகுகள் வந்த பிறகு இந்தப் பாட்டுக்கு வேலை குறைந்துவிட்டது. அதனால்தான் அதைச் சுருக்க நமக்கு உரிமையே இல்லை என்கிறேன்.

நீதியைப் பற்றி ஒரே கேள்வி: அப்பத்தா அதைச் சொன்னாரா? சொல்லவில்லை என்றால் எடுத்துவிடுங்கள்.

இனிமேல் பதிவு செய்யும்போது கதையோடு அதன் சூழலையும் எழுதுங்கள். யார் சொன்னார், யாரிடம் கேட்டது, கருவாடு காயப்போடும்போதா, ராத்திரி பேரப்பிள்ளைகளைத் தூங்க வைக்கும்போதா, யாரெல்லாம் உட்கார்ந்திருந்தார்கள், எங்கே சிரித்தார்கள், யார் குறுக்கே பேசி ‘அப்படி இல்ல ஆத்தா’ என்றார்கள். அந்தக் குறுக்குப் பேச்சையும் விடாதீர்கள். அப்புறம், எதையெல்லாம் அச்சில் போடலாம் என்று அவரிடமே கேளுங்கள். ஊரில் ஒரு குடும்பத்தைப் பற்றிய பேச்சோ, வெளியே சொல்லக்கூடாத சாமி விவகாரமோ கதைக்குள் இருக்கலாம். வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள், ஆனால் அந்த இடத்தில் ஒரு பகுதி விடப்பட்டிருக்கிறது என்று குறிப்புப் போடுங்கள். அவர் சம்மதித்தால் கதைக்கு மேலே அவர் பெயர் வரட்டும், தொகுத்தவர் என்று கீழே உங்கள் பெயர்.

அப்பத்தா வடிவம், தங்கை வடிவம் இரண்டையும் தனித்தனியாக எழுதி அனுப்புங்கள். பக்கம் கூடினால் இரண்டு இதழ்களில் போடுகிறோம். அதற்கு முன்னால், உங்கள் போனில் மட்டும் இருக்கும் அந்த ஒலிப்பதிவுகளை இன்றைக்கே வேறு இரண்டு இடங்களில் நகல் எடுத்து வையுங்கள்.