லூன் என்ற வடநாட்டு நீர்ப்பறவையின் அறிவியல் பெயர் காவியாவா, காவியிடேவா, காவியிஃபார்மீஸா? பழைய நூல்களில் வரும் கொலிம்பஸ் எது? தமிழில் முக்குளிப்பான் என்று எழுதலாமா?

முதல் மூன்று பெயர்களும் சரி, ஆனால் ஒன்றுக்குப் பதில் மற்றொன்றைப் போட முடியாது. காவியா என்பது பேரினம், காவியிடே குடும்பம், காவியிஃபார்மீஸ் வரிசை. கொலிம்பஸ் இன்று செல்லாத பெயர். பழைய நூலில் அதைக் கண்டால் அது லூன்தானா என்று முதலில் சரிபார்க்க வேண்டும், பாதி நூல்களில் அது வேறு பறவை. முக்குளிப்பான் என்று எழுத வேண்டாம், காரணம் கீழே. (இலங்கைப் பாடநூல் படித்தவர்கள் வரிசையை வருணம் என்றும், பேரினத்தைச் சாதி என்றும் வாசித்துக்கொள்ளுங்கள்.)

குழப்பம் வரக் காரணம், இன்று உயிரோடிருக்கும் பறவைகளில் இந்த மூன்று பெயர்களும் அதே ஐந்து சிற்றினங்களைத்தான் குறிக்கின்றன. வரிசையில் வாழும் குடும்பம் ஒன்றே, அந்தக் குடும்பத்தில் வாழும் பேரினமும் ஒன்றே. அந்த ஐந்து: காவியா ஸ்டெல்லாட்டா (செந்தொண்டை லூன்), காவியா ஆர்க்டிகா (கருந்தொண்டை லூன்), காவியா பசிபிகா (பசிபிக் லூன்), காவியா இம்மெர் (வட அமெரிக்காவில் காமன் லூன், பிரிட்டனில் கிரேட் நார்தர்ன் டைவர்), காவியா ஆடம்சியி (மஞ்சள் அலகு லூன்). எல்லாமே வட அரைக்கோளத்தின் குளிர்ந்த பகுதிகளுக்கு உரியவை. நன்னீர் ஏரிகளில் இனப்பெருக்கம் செய்துவிட்டு, குளிர்காலத்தைப் பெரும்பாலும் கடலோரத்தில் கழிப்பவை.

எந்த இடத்தில் எந்தப் பெயர்? ஒரு குறிப்பிட்ட பறவையைப் பற்றி எழுதினால் பேரினமும் சிற்றினமும் சேர்ந்த இருசொற்பெயர் வேண்டும். மினசோட்டா மாநிலப் பறவை எது என்றால் "காவியா" என்பது அரைகுறைப் பதில், "காவியா இம்மெர்" என்பதே முழுப் பதில். ஐந்துக்கும் பொதுவான உடலமைப்பு, குரல், உணவு பற்றி எழுதும்போது காவியா என்றோ காவியிடே என்றோ எழுதலாம். மற்றப் பறவைக் குடும்பங்களோடு ஒப்பிடும்போது காவியிடே பொருந்தும். பறவைகளின் பரிணாம மரத்தில் இவை எங்கே நிற்கின்றன என்று பேசும்போது காவியிஃபார்மீஸ். புதைபடிவங்கள் உள்ளே வந்துவிட்டால் மூன்றும் ஒன்றல்ல. அழிந்துபோன பேரினங்களும் சேர்வதால் வரிசையும் குடும்பமும் காவியாவைவிடப் பெரிய வட்டங்களாகிவிடும். அப்போது "காவியிஃபார்மீஸ் என்றால் லூன்" என்று சமன்பாடு போட்டால் தவறாகிவிடும்.

இன்னொன்று, குடும்பப் பெயரும் வரிசைப் பெயரும் லத்தீனில் பன்மைச் சொற்கள். "ஏரியில் ஒரு காவியிடே நீந்தியது" என்று எழுதுவது பிழை. "காவியிடே குடும்பத்துப் பறவை ஒன்று" என்று எழுதுங்கள்.

அடிக்கடி தடுக்கி விழும் இடம் எழுத்துக்கூட்டல். லத்தீன் எழுத்தில் காவியிடே என்பது ஜி, ஏ, வி, ஐ, ஐ, டி, ஏ, இ. நடுவில் ஐ இரண்டு முறை வரும். காவியா என்ற சொல்லின் அடி ஒரு ஐ-யில் முடிகிறது, விலங்கியலில் குடும்பத்துக்குக் கட்டாயமான விகுதி இன்னொரு ஐ-யில் தொடங்குகிறது, இரண்டும் நிற்க வேண்டும். காவியிஃபார்மீஸிலும் அதே கதை. ஒற்றை ஐ போட்ட வடிவங்கள் இணையத்தில் நிறையக் கிடக்கின்றன, அவற்றை நகலெடுக்காதீர்கள். ஆடம்சியியின் கடைசியிலும் இரண்டு ஐ உண்டு. அது எட்வர்ட் ஆடம்ஸ் என்ற கடற்படை மருத்துவரின் பெயர், "ஆடம்ஸுடைய" என்ற பொருளில் வேற்றுமை விகுதி ஏறியிருக்கிறது.

எழுதும் முறை: பேரினப் பெயருக்கு முதல் எழுத்து பெரிய எழுத்து, சிற்றினப் பெயர் முழுக்கச் சிறிய எழுத்து, இரண்டும் சாய்வெழுத்தில். குடும்பமும் வரிசையும் பெரிய எழுத்தில் தொடங்கும், ஆனால் சாய்வு கிடையாது. ஒருமுறை முழுதாக எழுதியபின் பேரினத்தை முதல் எழுத்தாகச் சுருக்கலாம். அதே கட்டுரையில் தாழைக்கோழி போல ஜி-யில் தொடங்கும் இன்னொரு பேரினம் வந்தால் மட்டும் சுருக்காதீர்கள், வாசகர் திணறுவார். தொலைவில் தெரிந்த பறவை லூன் என்று உறுதி, எந்த லூன் என்று தெரியவில்லை என்றால், காவியா என்று எழுதி, பக்கத்தில் எஸ்.பி. என்ற சுருக்கத்தைச் சாய்வில்லாமல் போடுவது வழக்கம். பல சிற்றினங்களைச் சேர்த்துச் சொன்னால் எஸ்.பி.பி. குளிர்கால இறகில் எல்லா லூன்களும் மேலே சாம்பலும் கீழே வெள்ளையுமாக இருப்பதால், இப்படி எழுதுவதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. ஊகித்துச் சிற்றினப் பெயர் போடுவதுதான் தரவைக் கெடுக்கும்.

சிற்றினத்தை முதலில் விவரித்துப் பெயரிட்டவரின் பெயரும் ஆண்டும் போடும்போது அடைப்புக்குறிக்குப் பொருள் உண்டு. காவியா இம்மெர் (புரூனிக், 1764), காவியா ஸ்டெல்லாட்டா (பொன்டொப்பிடான், 1763), காவியா ஆர்க்டிகா (லின்னேயஸ், 1758) என்று எழுதுகிறோம். முதலில் விவரித்தவர் வேறு பேரினத்தில் வைத்திருந்தார் என்பதை அடைப்புக்குறி சொல்கிறது. ஐந்து லூன்களும் முதலில் கொலிம்பஸ் என்ற பேரினத்தில்தான் விவரிக்கப்பட்டன, ஆகவே ஐந்துக்கும் அடைப்புக்குறி உண்டு. காவியா என்ற பேரினப் பெயருக்கு மட்டும் அடைப்புக்குறி இல்லாமல் ஃபார்ஸ்டர், 1788.

பேரினம் மாறியபோது விகுதியும் மாறியது. கொலிம்பஸ் ஆண்பால், காவியா பெண்பால். பெயரடையாக இருக்கும் சிற்றினப் பெயர் பேரினத்தின் பாலோடு ஒத்துப்போக வேண்டும் என்பது விதி. அதனால் ஸ்டெல்லாட்டஸ் ஸ்டெல்லாட்டா ஆனது, ஆர்க்டிகஸ் ஆர்க்டிகா ஆனது, பசிபிகஸ் பசிபிகா ஆனது. இம்மெர் பெயர்ச்சொல், ஆடம்சியி வேற்றுமை உருபேற்ற பெயர், ஆகவே இரண்டும் அப்படியே நின்றன. "காவியா ஆர்க்டிகஸ்" என்று எங்காவது பார்த்தால், பழைய பெயரைப் பாதி மட்டும் திருத்திய கை அது.

இனி கொலிம்பஸ். "மூழ்குபவர்" என்ற பொருளுடைய கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. லின்னேயஸ் 1758-இல் லூனையும் கிரீப் எனப்படும் முக்குளிப்பான்களையும் இதே பேரினத்தில் போட்டுவிட்டார். கருந்தொண்டை லூனும் அங்கே, கொண்டை முக்குளிப்பானும் அங்கே. பின்னால் இரண்டையும் பிரித்தபோது கொலிம்பஸ் என்ற பெயர் யாருக்குப் போவது என்பதில் தகராறு. ஐரோப்பிய நூல்கள் அதை லூனுக்குக் கொடுத்து, முக்குளிப்பானுக்குப் போடிசெப்ஸ் என்ற பெயரை வைத்துக்கொண்டன. அமெரிக்கர்கள் கொலிம்பஸை முக்குளிப்பானுக்குக் கொடுத்து, லூனுக்குக் காவியாவை எடுத்துக்கொண்டார்கள். இதன் விளைவாக, ஒரே ஆண்டில் லண்டனில் அச்சான நூலிலும் நியூயார்க்கில் அச்சான நூலிலும் "கொலிம்பஸ்" வெவ்வேறு பறவையாக இருக்க முடியும். 1956-இல் விலங்கியல் பெயரிடல் பன்னாட்டு ஆணையம் தலையிட்டு, கொலிம்பஸை யாருமே பயன்படுத்தக் கூடாது என்று முடக்கி, லூனுக்குக் காவியாவை உறுதிசெய்தது. இருவருக்கும் இல்லாமல் செய்ததுதான் நல்ல தீர்ப்பு என்பேன். ஒரு பக்கத்துக்குக் கொடுத்திருந்தால் மறுபக்கத்து நூல்கள் அத்தனையும் காலத்துக்கும் தப்பாக வாசிக்கப்பட்டிருக்கும்.

ஆக, பழைய நூலில் கொலிம்பஸைக் கண்டால் மூன்றைப் பாருங்கள்: ஆண்டு 1956-க்கு முன்னா, பதிப்பு எந்தக் கண்டம், கூட வரும் சிற்றினப் பெயர் என்ன. மூன்றாவதுதான் நம்பகமானது. கிளேசியாலிஸ், டார்குவாட்டஸ், இம்மெர் என்றால் இன்றைய காவியா இம்மெர். செப்டென்ட்ரியோனாலிஸ் என்றால் காவியா ஸ்டெல்லாட்டா. கிறிஸ்டாட்டஸ், ஆரிட்டஸ் என்றால் முக்குளிப்பான்கள். 19ஆம் நூற்றாண்டு அமெரிக்கப் பட்டியல்களில் உரினேட்டர் இம்பர் என்றும் வரும், அதுவும் இம்மெர்தான். உரினேட்டர் என்றால் லத்தீனில் முத்துக்குளிப்பவர் போல மூழ்குகிறவர், ஆங்கிலத்தில் சிறுநீரைக் குறிக்கும் யூரின் என்று எண்ணிவிடாதீர்கள்.

காவியாவின் பொருள்? பண்டைய லத்தீனில் அது ஏதோ ஒரு கடற்பறவை, பெரும்பாலும் கடற்காகம். ஸ்பானிய மொழியில் கடற்காகத்துக்கு இன்றும் கவியோட்டா என்றே பெயர். லூனுக்கும் கடற்காகத்துக்கும் நெருங்கிய உறவில்லை, ஆனாலும் பெயர் செல்லும். அறிவியல் பெயர் பறவையை அடையாளம் காட்டினால் போதும், வருணிக்க வேண்டிய கட்டாயம் இல்லை. (நம் வீட்டுப் பெண்களின் காவ்யாவுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, அது காவியம்.) உச்சரிப்பில் ஆங்கிலேயர் கேவியா என்பார்கள், லத்தீன் முறையில் காவியா. இரண்டும் புழக்கத்தில் உள்ளவை.

தமிழில் முக்குளிப்பான் ஏன் கூடாது? நம் ஏரி குளங்களில் தலைகீழாக மூழ்கி வேறிடத்தில் எழும் சிறு பறவைக்கு அந்தப் பெயர் ஏற்கெனவே இருக்கிறது. அது கிரீப், லூன் அல்ல. லூன் தமிழ்நாட்டு நீர்நிலைகளுக்கு வருவதில்லை. இரண்டும் பார்வைக்கு ஒன்றுபோல இருப்பதுதான் லின்னேயஸையே ஏமாற்றியது. காலைப் பாருங்கள், விளங்கிவிடும். லூனின் முன்விரல்கள் மூன்றையும் வாத்துக்கு இருப்பதுபோல முழுச் சவ்வு இணைக்கிறது. கணைக்கால் பக்கவாட்டில் கத்தியலகு போலத் தட்டையாக இருந்து, நீரைக் கிழித்துக்கொண்டு முன்னால் வரும். முக்குளிப்பானுக்கு விரல்களை இணைக்கும் முழுச் சவ்வு கிடையாது, ஒவ்வொரு விரலின் இருபுறமும் தனித்தனியாக இலைபோன்ற மடல் விரிந்திருக்கும். லூனுக்குக் குட்டையான விறைத்த வால் உண்டு, முக்குளிப்பானுக்கு வால் இருப்பதே தெரியாது. இரண்டுக்குமே கால்கள் உடலின் கடைசியில் இருப்பதால் தரையில் நடக்கத் தடுமாறும். அது மூழ்கிப் பிழைக்கும் வாழ்க்கை தனித்தனியே உண்டாக்கிய ஒற்றுமை. மரபணு ஆய்வுகள் முக்குளிப்பானைப் பூநாரைக்குப் பக்கத்திலும், லூனைப் பெங்குவின், அல்பட்ராஸ் எல்லாம் அடங்கிய பெரிய குழுவிலும் வைக்கின்றன. ஆகவே தமிழில் "லூன்" என்றே எழுதி, முதல்முறை வரும்போது இருசொற்பெயரை லத்தீன் எழுத்தில் பக்கத்தில் கொடுப்பதே நல்லது. ஒலிபெயர்ப்பை மட்டும் கொடுத்தால் அந்த இரண்டு ஐ காணாமல் போய்விடும்.

1985-க்கு முந்தைய அமெரிக்கத் தரவு கையில் இருந்தால் ஒரு எச்சரிக்கை. அதுவரை பசிபிக் லூன் காவியா ஆர்க்டிகாவின் துணையினமாகவே அங்கே கணக்கிடப்பட்டது. அந்த ஆண்டில்தான் அமெரிக்கப் பறவையியலாளர் சங்கம் அதைத் தனிச் சிற்றினமாகப் பிரித்தது. 1970களில் கலிஃபோர்னியாக் கடற்கரையில் "காவியா ஆர்க்டிகா" என்று பதிவாகியிருந்தால் அது பெரும்பாலும் இன்றைய காவியா பசிபிகா. பெயரை அப்படியே இன்றைய பட்டியலுக்குள் ஒட்டினால், வராத பறவை வந்ததாகிவிடும். களத்தில் பிரித்தறிய, மிதக்கும் பறவையின் பின்விலாவில் நீர்மட்டத்தை ஒட்டி வெள்ளைத் திட்டு தெரிகிறதா என்று பார்ப்பார்கள். இருந்தால் ஆர்க்டிகா, பசிபிகாவில் அது பொதுவாகத் தெரியாது. தெளிவாகத் தெரியாவிட்டால் இரு பெயர்களையும் சாய்கோட்டால் பிரித்து ஆர்க்டிகா / பசிபிகா என்று பதிவதே முறை.

இணையத்தில் தேடும்போது சிக்கவைக்கும் பெயர்கள் சில உண்டு. கவியாலிடே என்பது கங்கை முதலையான கரியாலின் குடும்பம், பெயர் இந்தியிலிருந்து போனது. பஃபினஸ் காவியா என்பது நியூசிலாந்தில் இனப்பெருக்கம் செய்யும் ஷியர்வாட்டர் என்ற கடற்பறவை, அங்கே காவியா சிற்றினப் பெயராக நிற்கிறது. பழைய நூல்களை ஸ்கேன் செய்த கோப்புகளில் கொலிம்பிடே என்பது ஓரெழுத்து பிறழ்ந்து கொலம்பிடே ஆனால் புறாக் குடும்பத்துக்குப் போய்விடுவீர்கள். வேகாவியிடே என்பதன் எழுத்துக்கோவைக்குள்ளேயே காவியிடே முழுதாக உட்கார்ந்திருக்கிறது, ஆனால் அது அண்டார்டிகாவின் வேகா தீவில் கிடைத்த வேகாவிஸ் என்ற, டைனோசர்கள் வாழ்ந்த கிரெட்டேசியக் காலத்துப் பறவையின் பெயரில் அமைந்த குடும்பம். தேடல் பெட்டியில் முழுச் சொல்லாக மட்டும் தேடும்படி மேற்கோள்குறிக்குள் இட்டால் இதில் பாதி வடிகட்டப்பட்டுவிடும்.