மருத்துவமா, பௌல்ஸா: எடின்பரோவிலிருந்து எழுதிய ஒரு தாய்க்கு

அன்புள்ள அம்மா,

பள்ளியின் இறுதி ஆண்டில் இருக்கும் உங்கள் மகன் மருத்துவத்துக்கு விண்ணப்பிக்க மறுத்து, லான் பௌல்ஸ் ஆட்டத்தில் (புல்தரையில் வளைந்து உருளும் பந்தை, சிறு இலக்குப் பந்துக்கு அருகே கொண்டு நிறுத்தும் ஆட்டம்) ஸ்காட்லாந்து அணிக்குப் போவேன் என்று உறுதியாக நிற்பதை எழுதியிருந்தீர்கள். உங்கள் கவலை நியாயமானது. ஆனால், வீட்டை அடமானம் வைத்தாவது அவனை வேறொரு நாட்டில் மருத்துவம் படிக்க வைக்க வேண்டும் என்ற உங்கள் அண்ணனின் யோசனையை நான் அடியோடு மறுக்கிறேன். பிள்ளைக்கு விருப்பமில்லாத படிப்புக்காக வீட்டைக் கடனில் மூழ்கடிக்காதீர்கள்.

பௌல்ஸ் கிழவர்களின் பொழுதுபோக்கு என்று உறவினர்கள் சொல்வதும் தவறு. எடின்பரோவில் பிறந்த அலெக்ஸ் மார்ஷல் 1995 முதல் 2015 வரை ஆறு முறை உலக உள்ளரங்க ஒற்றையர் பட்டத்தை வென்றவர். 2018-ல் ஆஸ்திரேலியாவின் கோல்ட் கோஸ்டில், தம் 51-ஆவது வயதில், காமன்வெல்த் போட்டிகளில் ஐந்தாவது தங்கம் பெற்றார். அதுவரை எந்த ஸ்காட்லாந்து வீரரும் அத்தனை தங்கம் வென்றதில்லை. ஆனால் மகனுக்கும் ஒன்றைச் சொல்ல வேண்டும்: பத்துப் பதினைந்து ஆண்டு காத்திருந்து பலன் தரும் ஆட்டம் இது, அதுவரை சோறு போட வேறு தொழில் வேண்டும். 1982-ல் பிரிஸ்பேனில் காமன்வெல்த் ஒற்றையர் தங்கம் வென்ற வில்லி வுட், ஸ்காட்லாந்தின் கிஃபர்ட் கிராமத்தில் கார் மெக்கானிக்காக இருந்தவர்.

ஆகவே நான் பரிந்துரைப்பது, யாரும் உங்களிடம் சொல்லாத ஒரு தொழிலை: ஆடுதரையைப் பராமரிக்கும் கிரீன் கீப்பர் பணி. இதை வெறும் புல்வெட்டும் வேலை என்று நினைத்துவிடாதீர்கள். கோடையில் சில மில்லிமீட்டர் உயரத்துக்குப் புல்லைச் சீராக வெட்ட வேண்டும். ஒரே பாதை தேய்ந்துவிடாதபடி ஆடும் திசையை மாற்ற வேண்டும். பாசியும் பூஞ்சையும் பிடிக்காமல் காக்க வேண்டும். இலையுதிர் காலத்தில் மண்ணில் துளையிட்டுக் காற்றோட்டம் கொடுத்து, மணல் கலவை தூவி, விதைத்து, அடுத்த ஏப்ரலுக்குள் தரையைத் தயார் செய்ய வேண்டும். பந்து குறிப்பிட்ட தூரத்தைக் கடக்க எடுக்கும் வினாடிகளைக் கொண்டு தரையின் வேகத்தை அளப்பார்கள்; வேகத் தரையில் பந்தை மெல்ல உருட்டினாலே போதும் என்பதால், வினாடிகள் கூடினால் தரை வேகமானது என்று பொருள். பிரிட்டனின் ஈரமான, மெதுவான தரையில் பழகியவர்கள் ஆஸ்திரேலியாவின் வேகத் தரையில் தடுமாறுவதுண்டு. பந்து அங்கே அதிக நேரம் உருண்டு அதிகமாக வளையும். புல்லையும் ஈரத்தையும் கையால் அறிந்த ஆட்டக்காரனுக்கு இந்த வேறுபாடு சீக்கிரம் பிடிபடும்.

ஸ்காட்லாந்தின் ஃபைஃப் பகுதியில், கூப்பர் நகரிலுள்ள எல்ம்வுட் கல்லூரி வளாகம் கோல்ஃப் தரைப் பராமரிப்புப் பயிற்சிக்குப் பெயர் பெற்றது; அங்கே கற்பதில் பெரும்பகுதி பௌல்ஸ் தரைக்கும் பொருந்தும். வேலை செய்துகொண்டே கற்கும் பயிற்சிப் பணியாளர் முறையில் சேர்ந்தால் முதல் மாதத்திலிருந்தே ஊதியம் உண்டு. அது குறைவாகத்தான் இருக்கும். ஆனால் கடன் இல்லை. கோடையில் விடியற்காலை வேலையும் மாலை, வார இறுதி ஆட்டங்களும் மோதும் என்பதால், போட்டி நாள்களுக்கு விடுப்பு கிடைக்குமா என்று சேரும் முன்பே பேசி எழுத்தில் வாங்கிவிட வேண்டும். குளிர்காலம் உள்ளரங்க ஆட்டத்துக்கு ஓரளவு வசதியானது.

அவன் ஆடும் கழகத்தின் கிரீன் கீப்பரிடம் இந்தக் கோடைச் சனிக்கிழமைகளில் அவனை உதவிக்கு அனுப்புங்கள். அந்த வேலை பிடிக்கவில்லை என்று அவனே சொன்னால் வேறு தொழிலைப் பார்ப்போம். அதுவரை அண்ணனிடம், அடமானப் பேச்சு முடிந்துவிட்டது என்று நீங்களே சொல்லிவிடுங்கள்.