தஞ்சை விவசாயிகள் பி. சீனிவாச ராவை இன்றும் கொண்டாடுவது ஏன்?

கன்னடத்தைத் தாய்மொழியாகக் கொண்டவர் பி.எஸ்.ஆர். என்று அழைக்கப்பட்ட சீனிவாச ராவ். 1943-இல் கம்யூனிஸ்ட் கட்சி அவரைத் தஞ்சைக்கு அனுப்பியது. அங்கே மிராசுதார்களின் (பெரும் நில உடைமையாளர்களின்) வயலில் அடிமைபோல உழைத்த பண்ணையாள், வேலைக்குத் தாமதமாக வந்தாலே சவுக்கடி விழும்; மாட்டுச் சாணத்தைக் கரைத்துக் குடிக்க வைப்பார்கள். சாணிப்பால் என்பது இதுதான். பி.எஸ்.ஆர். சேரிக் குடிசைகளிலேயே தங்கி, பண்ணையாட்களோடு சாப்பிட்டு, ஊர் ஊராகச் சங்கம் கட்டினார். தென்பரையில் தொடங்கியது அது. 1944-இல் மன்னார்குடி ஒப்பந்தத்தில் மிராசுதார்கள் இந்த இரண்டு கொடுமைகளையும் கைவிடச் சம்மதித்தார்கள். கூலி உயர்வை விட இதைத்தான் நான் பெரிதாகச் சொல்வேன். அப்புறம் தலைமறைவு வாழ்க்கை, சிறை. 1952-இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்ததற்குப் பின்னாலும் இந்தப் போராட்டம்தான் இருந்தது. 1961-இல் காலமானார். திருத்துறைப்பூண்டியில் அவருக்கு நினைவிடம் இருக்கிறது.