மனைவி பாட்டு, கணவர் மிருதங்கம்: சன்மானம் யார் கணக்கில்?

கேள்வி: நான் மிருதங்கக் கலைஞன். என் மனைவி பெயர் பெற்ற கர்நாடக இசைப் பாடகி. அவருக்கு வாசிப்பதோடு தேதி கொடுப்பது, சன்மானம் பேசுவது, பயண ஏற்பாடு எல்லாவற்றையும் நானே பார்க்கிறேன். இதற்கு அவர் வருமானத்திலிருந்து நான் ஊதியம் எடுக்கலாமா? ஒரு பதிவு நிறுவனம் ஒப்பந்தம் அனுப்பியிருக்கிறது. அதில் எதைக் கவனிக்க வேண்டும்?

பதில்: தாராளமாக எடுக்கலாம். ஆனால் வருமான வரியில் ஒரு சிக்கல் உண்டு. மனைவிக்குக் கணிசமான பங்குள்ள நிறுவனம் கணவருக்குச் சம்பளமோ கமிஷனோ கொடுத்தால், அந்தத் தொகையை மனைவியின் வருமானத்தோடு சேர்த்துவிடுவார்கள். வாங்குபவருக்குத் தொழில்முறைத் தகுதி இருந்து, வருமானம் முழுக்க அந்த அறிவாலும் அனுபவத்தாலும் வந்தது என்று காட்டினால்தான் தப்பலாம். மிருதங்கம் வாசித்ததற்கு அதைக் காட்டுவது எளிது. தொலைபேசியில் தேதி பேசியதற்குக் காட்டுவது கடினம். எனவே வாசித்ததற்கு ஒரு ரசீது, நிர்வாகத்துக்கு வேறொன்று என்று பிரித்தே எழுதுங்கள். நிர்வாக ஊதியம் எவ்வளவு என்பதை ஆடிட்டரிடம் கேட்டு முடிவு செய்யுங்கள்.

சில சபாக்கள் குழு முழுவதற்குமான தொகையைப் பாடகியிடமே கொடுத்துவிடும். வாங்கிப் பங்கு பிரிப்பது வசதிதான். ஆனால் பணம் கொடுக்கும்போதே பிடிக்கும் வருமான வரியான 10 சதவீத டிடிஎஸ் மொத்தமும் உங்கள் மனைவியின் பான் எண்ணில் ஏறும். வயலின்காரரின் பங்குகூட அவர் வருமானமாகத் தெரியும். இன்னொன்று: செவ்வியல் இசைக் கலைஞருக்கு ஒரு நிகழ்ச்சிக்கு 1,50,000 ரூபாய் வரைதான் ஜிஎஸ்டி விலக்கு. மொத்தத் தொகை அவர் பெயரில் வந்தால் அந்த வரம்பு எளிதில் தாண்டும். ஒவ்வொருவருக்கும் அவரவர் பெயரில் கொடுக்கச் சொல்லிக் கேளுங்கள். மெல்லிசை நிகழ்ச்சிக்கும் விளம்பரத் தூதராக இருப்பதற்கும் இந்த விலக்கு கிடையாது.

நான் பல ஆண்டுகள் சபா கணக்கு பார்த்தவன். ஒரு மாலை, கச்சேரிக்குக் கால் மணி நேரம் முன்பு, வித்வான் ஒருவர் மிருதங்கத்தை மடியில் கிடத்திக் கல்லால் தட்டிச் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தார். பாடகி அவர் மனைவிதான். பண உறையோடு போன நான், பேசிய தொகையைவிடக் குறைவு என்று தயங்கிச் சொன்னேன். கல்லைக் கீழே வைத்துவிட்டு என்னோடு பேரத்துக்கு வந்தார். திரை விலகியபோது மிருதங்கத்தின் வலது முகமான வலந்தலை சுருதி சேரவே இல்லை. தப்பு எங்களுடையதுதான், அடிபட்டது அவர் வாசிப்பு. அதனால் தொகை, பயணம், தங்குமிடம், ஒலி அமைப்பு, யார் யார் பக்கவாத்தியம் எல்லாவற்றையும் தேதி கொடுக்கும் அன்றே மின்னஞ்சலில் எழுதி வாங்குங்கள். கச்சேரி நாளில் பணப் பேச்சுக்கு வேறு ஒருவரை வையுங்கள், ஒரு சிஷ்யப் பிள்ளையாக இருந்தாலும் போதும்.

எம்.எஸ். சுப்புலட்சுமிக்குச் சதாசிவம் இருந்ததைப் போல என்று உங்களிடமும் யாராவது சொல்லியிருப்பார்கள். 1940-ல் மணந்தது முதல் அவர்தான் எம்.எஸ்ஸின் கச்சேரி வாழ்க்கையை நடத்தினார். 1997-ல் அவர் மறைந்த பிறகு எம்.எஸ். பொது மேடையில் பாடவே இல்லை. அந்த அளவு ஒருவரையே நம்பியிருப்பது எனக்கு அச்சமாகத்தான் படுகிறது. தேதிப் புத்தகமும் வங்கிக் கணக்கும் உங்கள் மனைவிக்கும் தெரிந்திருக்க வேண்டும். மேலும் சதாசிவம் உட்கார்ந்தது அரங்கில். நீங்கள் உட்காருவது மேடையில். தாள வாத்தியம் மட்டும் ஒலிக்கும் தனி ஆவர்த்தனத்துக்கு எத்தனை நிமிடம் என்பதை உங்கள் மனைவியே சொல்லட்டும், மேலாளராக நீங்கள் முடிவு செய்யாதீர்கள்.

ஒப்பந்தத்துக்கு வருவோம். பாடுபவர், வாசிப்பவர் போன்ற நிகழ்த்துநருக்கும் பதிப்புரிமைச் சட்டத்தில் 50 ஆண்டு உரிமை உண்டு. அதை மாற்றிக் கொடுக்கும்போது காலம் எழுதாவிட்டால் 5 ஆண்டு என்றும், எல்லை எழுதாவிட்டால் இந்தியா மட்டும் என்றும் சட்டம் எடுத்துக்கொள்ளும். நிறுவனங்கள் ‘நிரந்தரமாக, உலகம் முழுவதும்’ என்று முதல் பக்கத்திலேயே அச்சடித்து அனுப்புவது இதனால்தான். அந்த வரியை அடித்துவிட்டு ஆண்டுக் கணக்கு கேளுங்கள். உங்கள் மனைவிக்குப் பதிலாக நீங்கள் கையெழுத்திட வேண்டாம். படித்துப் பார்த்து அவரே போடட்டும். அந்தப் பதிவில் மிருதங்கம் நீங்கள்தான் என்றால் நீங்களும் நிகழ்த்துநர். உங்கள் பெயரில் தனி ஒப்பந்தம் வந்திருக்கிறதா என்று பாருங்கள். பெரும்பாலும் வந்திருக்காது, கேட்டு வாங்குங்கள்.