ஹோ சியாவ்-சியென்: கேட்டீர்கள், சொல்கிறேன்

தைவான் இயக்குநர் ஹோ சியாவ்-சியென் பற்றி வந்த கேள்விகளுக்கு என் பதில்கள்.

கேள்வி: 'தி அசாசின்' பார்த்தேன். கதையே பிடிபடவில்லை. எதில் ஆரம்பித்திருக்க வேண்டும்?

பதில்: 2015 கான் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநர் விருது வாங்கித் தந்த படம்தான். ஆனாலும் அதைக் கடைசியில் பாருங்கள். முதலில் 'தி பாய்ஸ் ஃப்ரம் ஃபெங்குவே' (1983). பெங்ஹு தீவிலிருந்து வேலை தேடி காவ்சியுங் நகரத்துக்கு வரும் வெட்டிப் பையன்களின் கதை. பலான படம் காட்டுவதாகச் சொல்லி ஒருவன் அவர்களிடம் டிக்கெட் விற்றுவிட்டு நழுவுகிறான். மூச்சு வாங்க மாடியேறினால் பாதி கட்டிய கட்டடம்; சுவர் இருக்க வேண்டிய இடத்தில் பெரிய ஓட்டை, அதற்கு வெளியே நகரம். அகலத்திரை, கலர்! ஏமாந்தவர்களோடு நாமும் நின்று பார்க்கிறோம்.

கேள்வி: ஆரம்பத்திலிருந்தே இப்படி நிதானமாக நின்று பார்க்கும் பாணிதானா?

பதில்: இல்லை. 1980ல் எடுத்த 'க்யூட் கேர்ள்' பாட்டும் காதலுமாகப் போகும் ஜாலியான படம். திருப்பம் எழுத்தாளர் சூ தியென்-வென்னால் வந்தது. அவர் படிக்கச் சொன்ன, சீன எழுத்தாளர் ஷென் சோங்வென்னின் சுயசரிதை ஹோவை அசைத்துவிட்டது.

கேள்வி: கேமரா எப்போதும் தள்ளியே நிற்கிறதே, ஈரமே இல்லாத மாதிரி?

பதில்: நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். தொழில்முறை நடிகர் அல்லாதவர்களை நிறைய நடிக்க வைத்தவர் அவர். கேமரா மூக்குக்கு நேரே நின்றால் அவர்கள் விறைத்துப்போவார்கள். தன் பிள்ளைப்பருவத்தையே எடுத்த 'எ டைம் டு லிவ், எ டைம் டு டை'யில் (1985) பாட்டி படுத்தபடியே இறந்துகிடக்கிறாள். கையில் எறும்பு ஊர்வதைப் பார்த்த பிறகுதான் பேரன்களுக்கு உறைக்கிறது. உலுக்கும் இசையோ ஓலமோ தேவைப்படவில்லை.

கேள்வி: 'எ சிட்டி ஆஃப் சேட்னெஸ்' படத்தில் டோனி லியூங் ஏன் காது கேளாத, பேச முடியாத பாத்திரம்?

பதில்: ஹாங்காங்காரரான அவருக்குத் தைவான் மொழி வராது. இடைஞ்சலையே படத்தின் உயிராக்கிவிட்டார் ஹோ. பெருநிலச் சீனாவிலிருந்து வந்த அரசுக்கு எதிராகத் தைவான் மக்கள் கிளர்ந்து, ராணுவத்தால் ஒடுக்கப்பட்ட 1947 பிப்ரவரி 28 கலவரத்தைத் தொட்ட படம் இது. தைவானில் ராணுவச் சட்டம் நீங்கியது 1987ல்தான். அதுவரை இதைப் பற்றி வெளிப்படையாகப் பேசவே முடியாது. ரயிலில் சீனப் பெருநிலத்துக்காரர்களைத் தேடி அடிக்கும் கும்பல் லியூங்கை மறித்து, எந்த ஊர் என்கிறது. 'தைவான்காரன்' என்ற சொல்லைத் திணறித் திணறி வெளியே தள்ளுகிறார். அடுத்து ஜப்பானியத்தில் கேட்கிறார்கள்; ஜப்பான் ஆண்ட தைவானில் வளர்ந்தவனுக்கு அது தெரிந்திருக்கும். காது கேட்டால்தானே! நண்பன் ஓடிவந்து காப்பாற்றுகிறான். 1989 வெனிஸ் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கச் சிங்கம் வென்ற படம்.

கேள்வி: புதிய படம் வருமா?

பதில்: வராது. அல்சைமர் நோயால் ஓய்வு பெற்றுவிட்டதாக 2023ல் குடும்பத்தினர் அறிவித்தார்கள்.

கேள்வி: நடித்தும் இருக்கிறாராமே?

பதில்: இன்னொரு தைவான் இயக்குநரான எட்வர்ட் யாங்கின் 'தைபே ஸ்டோரி'யில் (1985) நாயகனே அவர்தான். அந்தப் படத்துக்காகத் தன் வீட்டையும் அடமானம் வைத்தார். தியேட்டரில் சில நாள்தான் ஓடியது.