'10,000 கேம்' கார்டு வாங்கலாமா?

கேள்வி: படைப்புக்கு (குடும்ப வழிபாட்டுக்கு) பங்காளி வீட்டுப் பிள்ளைகள் எல்லாம் வருகிறார்கள். பட்டாலையில் (வீட்டுக் கூடத்தில்) ராஸ்பெர்ரி பை என்ற குட்டிக் கம்ப்யூட்டரை வைத்துப் பழைய ஆர்கேட் கேம் (காசு போட்டு ஆடும் மெஷின் கேம்) ஓட்டலாம் என்று ஆசை. '10,000 கேம்' உள்ள மெமரி கார்டை ஒருவர் 3,500 ரூபாய்க்குத் தருகிறார். நண்பர் வாங்கிய அதே கார்டில் பாதி திறக்கவே இல்லை. வாங்கலாமா?
– காரைக்குடி வாசகர்

பதில்: வேண்டாம். முதல் காரணம், அந்த கேம்களுக்கு உரிமை உள்ளவர்கள் வேறு. விற்பவருக்கு அதில் உரிமை எதுவும் இருக்காது. அப்புறம், எண்ணிக்கையும் கண்கட்டு. 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2' ஒன்றுக்கே அமெரிக்கா, ஜப்பான், திருட்டுப் போர்டு என்று ஏகப்பட்ட பதிப்புகள். போதாததற்கு, மாஜாங் என்ற ஓடு அடுக்கும் ஆட்டத்தின் ஜப்பானியக் குவியல். அதை நம் பிள்ளைகள் தொடக்கூட மாட்டார்கள்.

பாதி ஏன் திறக்கவில்லை? கார்டில் ஒவ்வொரு கேமும் ஒரு ஜிப் கோப்பு. அது பழைய மெஷினின் போர்டில் இருந்த சிப்களின் நகல். இதைத்தான் ரோம் என்பார்கள். அந்த மெஷினைப் போலவே நடந்து கேமை ஓட்டும் மென்பொருள்தான் எமுலேட்டர். 1997-ல் தொடங்கிய மேம் எமுலேட்டரில், எந்த கேமுக்கு எந்தச் சிப் நகல்கள் வேண்டும் என்ற பட்டியல் பதிப்புக்குப் பதிப்பு திருத்தப்படுகிறது. 'மேம் 2003' என்ற எமுலேட்டருக்கு, மேமின் 0.78 பதிப்புக்கான ரோம்கள்தான் பொருந்தும். ஆகவே எமுலேட்டரை முதலில் முடிவு செய்யுங்கள், கோப்பு பிறகு.

ரோம் தொகுப்பின் வகையையும் பாருங்கள். 'ஸ்ப்ளிட்' (பிரித்து வைத்த) வகையில் பேக்மேன் ஜிப்புக்குள், மூல கேமிலிருந்து மாறுபட்ட சிப்களின் நகல் மட்டும்தான் இருக்கும். மீதி, 1980-ல் வந்த ஜப்பானிய மூலமான பக்மேன் ஜிப்பில். 'இது எதற்கு' என்று பக்மேனை அழித்தால் பேக்மேனும் படுத்துவிடும். நாற்பது, ஐம்பது கேம் போதும் என்பவருக்கு 'நான்-மெர்ஜ்டு' வகைதான் சரி. அதில் ஒவ்வொரு ஜிப்பும் பெரும்பாலும் தனித்தே ஓடும். நியோ ஜியோ என்ற ஆர்கேட் மெஷினின் கேம்களுக்கு மட்டும், அந்த மெஷினைத் தொடக்கும் நிரலான பயாஸ் ஜிப்பும் பக்கத்தில் இருக்க வேண்டும். ஜிப்பைப் பிரிக்காதீர்கள், பெயரையும் மாற்றாதீர்கள். எமுலேட்டர் பெயரை வைத்துத்தான் தேடும். பிடித்தவற்றை ஃபேவரிட்ஸில் சேர்த்தால் போதும்.

ராபி ரோட்டோ, கிரிட்லீ போன்ற சில கேம்களை உரிமையாளர் அனுமதியோடு மேம் தளத்திலேயே இலவசமாகத் தருகிறார்கள். ஸ்ட்ரீட் ஃபைட்டர்தான் வேண்டும் என்றால், கம்ப்யூட்டரில் 2021-ல் வந்த 'கேப்காம் ஆர்கேட் ஸ்டேடியம்' இருக்கிறது. அந்த 3,500-ஐ நல்ல ஜாய்ஸ்டிக்கில் போடுங்கள். எல்லாம் ஓடியதும் கார்டை அப்படியே ஒரு நகல் எடுத்து வையுங்கள். ஓடும்போது கரண்ட் போனால் ராஸ்பெர்ரி பையின் கார்டு கெட வாய்ப்பு உண்டு.